உள்ளமை ஒன்றே: அச்சேயில் எரிந்த ஏடுகளும் மதீனாவிலிருந்து வந்த விடையும்

புகழனைத்தும் ஏக இறைவனுக்கே உரியன. அவனுடைய இறுதித் தூதர் முஹம்மத் (ஸல்) அவர்கள் மீதும், அன்னாரின் குடும்பத்தார், தோழர்கள் அனைவர் மீதும் ஸலவாத்தும் ஸலாமும் உண்டாவதாக.

நம் மஹல்லாக்களில் தலைமுறைதோறும் தலைதூக்கும் கேள்வி ஒன்றுண்டு. மெய்யான உள்ளமை இறைவனுக்கு மட்டுமே உண்டு, மற்றவை யாவும் அவ்வுள்ளமையின் வெளிப்பாடுகளே என்று ஞானவான்கள் சிலர் கூறிச் சென்றிருக்கின்றனர். இது தவ்ஹீதின் உச்சமா, அல்லது தவ்ஹீதின் பெயரால் நுழையும் வழிகேடா? கேள்வி கேள்வியாகவே நின்றுவிட்டால் கேடில்லை. ஆனால் அது ஜமாஅத்துகளைப் பிளந்திருக்கிறது. பேசி முடித்த சம்பந்தங்களை முறித்திருக்கிறது. இறந்துபோன ஒருவருக்கு ஜனாஸாத் தொழுகை நடத்தலாமா, கூடாதா என்று மையவாடியின் வாசலில் நின்று வழக்காடும் அளவுக்கு மனங்களைக் கடினமாக்கியும் இருக்கிறது.

இவ்வழக்கை முதன்முதலில் சந்தித்தவர்கள் நாமல்லர். ஏறத்தாழ 380 ஆண்டுகளுக்கு முன், சுமத்ராத் தீவின் வடமுனையிலிருந்த அச்சே நகரத்தில் இதே கேள்விக்காக முஸ்லிம்களின் கையால் முஸ்லிம்கள் கொல்லப்பட்டனர்; பைத்துர் ரஹ்மான் பெரிய பள்ளிவாசலின் முன்னால் ஞான நூல்கள் குவித்து எரிக்கப்பட்டன. அந்நெருப்பு எப்படி மூண்டது, எவர் அதனை அணைத்தார், எவ்வாறு அணைத்தார் என்பதை அறிந்துகொள்வது நமக்கு இன்றும் பயன் தரும்.

கொள்கையின் வேர்

'வஹ்தத்துல் வுஜூத்' எனப்படும் உள்ளமை ஒருமைக் கொள்கை ஷைகு முஹ்யித்தீன் இப்னு அரபீ (ரஹ்) அவர்களின் பெயரோடு பிணைந்தது. அன்னார் ஹிஜ்ரி 560இல் (கி.பி. 1165) அந்தலுஸின் முர்ஸியா நகரில் பிறந்து, ஹிஜ்ரி 638இல் (கி.பி. 1240) டமாஸ்கஸில் மறைந்தவர்கள். வியப்பு யாதெனில், இச்சொற்றொடரை ஒரு கொள்கையின் பெயராக அவர்கள் தம் நூல்களில் எங்கும் நிறுவிச் செல்லவில்லை. அவர்களுடைய மாணாக்கர் ஸத்ருத்தீன் கூனவீ முதலானோரின் வழியில் வந்தவர்களும், அதனை எதிர்த்தவர்களும் சேர்ந்து நிலைபெறச் செய்த பெயரே அது.

'வுஜூத்' என்னும் அறபுச் சொல்லுக்கு 'இருத்தல்' என்பது ஒரு பொருள். 'கண்டடைதல்' என்பது மற்றொரு பொருள். படைப்பு தானாக இருப்பதில்லை. இருக்க வைக்கப்பட்டே இருக்கிறது என்பதில் முஸ்லிம்கள் எவருக்கும் ஐயமில்லை. இப்னு அரபீ (ரஹ்) இதனை இறுதிவரை கொண்டு சென்றார்கள். தன்னால் தானாக இருப்பது இறைவனின் உள்ளமை மட்டுமே. பொருள்களுக்கு உள்ளமை என்று நாம் கூறுவது இரவலாகப் பெற்றது. பல நிறக் கண்ணாடிகளின் ஊடே ஒரே ஒளி பாயும்போது சிவப்பும் பச்சையும் நீலமும் தோன்றுகின்றன. நிறங்கள் கண்ணாடியின் தன்மையால் வந்தவை, ஒளியோ ஒன்று. நிறமே ஒளி என்பவனும் தவறினான். ஒளியின்றி நிறம் உண்டு என்பவனும் தவறினான்.

இவ்விடத்தில் ஒரு தெளிவு தேவை. இறைவன் ஒரு பொருளினுள் இறங்கிக் குடிகொள்கிறான் என்பது 'ஹுலூல்'. இறைவனும் அடியானும் கலந்து ஒன்றாகிவிடுகின்றனர் என்பது 'இத்திஹாத்'. இவ்விரண்டும் வழிகேடு என்பதில் இப்னு அரபீயை ஏற்போரும் மறுப்போரும் ஒருமித்தே நிற்கின்றனர். சுயமாக நிற்கும் இரண்டு பொருள்கள் இருந்தால்தானே ஒன்றில் மற்றொன்று இறங்கவோ கலக்கவோ இயலும்? அப்படியொரு இரண்டாம் பொருளே இல்லை எனும்போது இறங்குவது எது, கலப்பது எது என்பதே இக்கொள்கையினரின் மறுமொழி.

அன்னாரின் பெருநூலான 'ஃபுதூஹாத்துல் மக்கிய்யா' 560 அத்தியாயங்களைக் கொண்டது. அதில் தூய்மை, தொழுகை, ஸகாத், நோன்பு, ஹஜ் ஆகியவற்றின் சட்டங்களுக்காகவே மிக நீண்ட அத்தியாயங்கள் ஒதுக்கப்பட்டுள்ளன. உள்ளமை ஒன்றென்று பேசிய அதே நாவு, உளூச் செய்யும் முறையையும் நுணுகி நுணுகிப் பேசியது. பின்னாளில் இதனை மறந்தவர்களாலேயே பெருங்குழப்பம் விளைந்தது.

மறுத்தோரின் நேர்மை

இமாம் இப்னு தைமிய்யா (ரஹ்) (கி.பி. 1263 – 1328) இக்கொள்கையைக் கடுமையாக மறுத்தார்கள். படைத்தவனுக்கும் படைப்புக்கும் இடையிலுள்ள வேறுபாடு மங்கினால் ஏவலுக்கும் விலக்கலுக்கும் இடமேது, நன்மைக்கும் தீமைக்கும் வரம்பேது என்பதே அவர்களின் அச்சம். அது பொருளற்ற அச்சமென்று எவரும் தள்ளிவிட இயலாது. ஆயினும் இக்கூட்டத்தாரில் இஸ்லாத்துக்கு மிக நெருக்கமானவர் இப்னு அரபீயே என்று ஒப்புக்கொள்ளும் நேர்மையும் அவர்களிடம் இருந்தது.

தஃப்ஸீர் ஜலாலைன் வழியாக நம் மத்ரஸாக்கள் நன்கறிந்த இமாம் ஜலாலுத்தீன் ஸுயூத்தீ (ரஹ்) நடுவழியொன்றைக் காட்டினார்கள். இப்னு அரபீயை இறைநேசராக ஏற்க வேண்டும்; ஆனால் அவருடைய நூல்களைப் பொதுமக்கள் படிப்பது கூடாது. முதலில் கேட்கும்போது இது முரணாகத் தோன்றும். எனினும், மருந்து நல்லதென்பதும் அது எல்லாருக்கும் உரியதன்று என்பதும் ஒருசேர உண்மையாக இருக்கக்கூடும்.

இந்திய மண்ணில் ஷைகு அஹ்மத் ஸிர்ஹிந்தீ (ரஹ்) (கி.பி. 1564 – 1624) வேறொரு விளக்கத்தை முன்வைத்தார்கள். ஸாலிகுக்கு அனைத்தும் ஒன்றெனத் தெரிவது காட்சியின் ஒருமையே, உள்ளமையின் ஒருமையன்று. கதிரவன் எழுந்தபின் விண்மீன்கள் கண்ணுக்குப் புலப்படுவதில்லை; அதனால் அவை இல்லாமற் போய்விடவில்லை. 'வஹ்தத்துஷ் ஷுஹூத்' எனப்படும் இவ்விளக்கத்தையும் இப்னு அரபீயின் விளக்கத்தையும் அருகருகே வைத்து நோக்கிய தில்லி ஷாஹ் வலியுல்லாஹ் (ரஹ்) (கி.பி. 1703 – 1762), இரண்டிற்கும் இடையிலான வேறுபாடு பெரும்பாலும் சொல்லளவிலானதே என்று இணக்கம் காண முயன்றார்கள்.

ஆக, கற்றோரிடையே இது நூற்றாண்டுகளாக நீடித்த வழக்கு. நூலுக்கு நூலும் வாதத்துக்கு வாதமும் எழுந்தன. அந்த வழக்கு அரசனின் வாளோடு சேர்ந்துகொண்டால் என்ன நேரும் என்பதை அச்சே காட்டியது.

மிளகும் மெய்ஞ்ஞானமும் இறங்கிய துறைமுகம்

கி.பி. 1511இல் போர்த்துக்கீசியர் மலாக்காவைக் கைப்பற்றியபின், முஸ்லிம் வணிகர்கள் பலர் அந்நகரை விட்டு அச்சேயை நாடினர். மிளகு வணிகம் அதனைச் செழிக்கச் செய்தது. ஜாவா, மலாய் நாடுகளிலிருந்து ஹஜ்ஜுக்குச் செல்வோர் கப்பலேறும் இடமும் அதுவேயாதலால் 'மக்காவின் முன்றில்' என்ற பெயரும் அதற்கு வாய்த்தது. குஜராத்திலிருந்தும் அறபுநாட்டிலிருந்தும் கப்பல்கள் அங்கே வந்தன. நம் நாகப்பட்டினம், பரங்கிப்பேட்டைக் கரைகளிலிருந்தும் மரைக்காயர்கள் துணிப்பொதிகளோடு அங்கே சென்றனர்.

பொருள் சென்ற பாதையில் கல்வியும் சென்றது. கி.பி. 16ஆம் நூற்றாண்டின் இறுதியில் குஜராத்தின் ரானீர் ஊரைச் சேர்ந்த முஹம்மத் ஜீலானீ என்னும் ஆலிம் அச்சேக்கு வந்து ஃபிக்ஹும் மன்திக்கும் கற்பித்தார். ஆனால் மக்கள் அவரிடம் கேட்டதோ தஸவ்வுஃபை. தமக்கு அதில் போதிய தேர்ச்சி இல்லையென உணர்ந்த அவர், கூச்சமின்றி மக்காவுக்குச் சென்று அதனைக் கற்றுத் திரும்பிவந்து கற்பித்தார். அறியாததைக் கற்றுக்கொண்டு பேசுவது எத்துணை அழகான பண்பு! அதே சமயம், சட்டத்தின் அடித்தளம் பரவலாக உறைக்கும் முன்னரே மக்களின் தாகம் ஞானத்தின் நுனிக்குத் தாவியிருந்ததையும் இச்செய்தி காட்டுகிறது.

அத்தாகத்துக்கு மலாய் மொழியிலேயே முதலில் நீர் வார்த்தவர் ஹம்ஸா ஃபன்ஸூரீ. ஃபன்ஸூர் என்பது சுமத்ராவின் மேற்குக் கரையிலுள்ள பாரூஸ் துறைமுகம், கற்பூரத்துக்குப் பேர்போனது. கி.பி. 1088இல் தமிழ் வணிகக் குழுவொன்று பொறித்த தமிழ்க் கல்வெட்டு அப்பகுதியிலேயே கண்டெடுக்கப்பட்டது என்பது நமக்கு வியப்பூட்டும் செய்தி. அறபியும் பார்ஸியும் கற்று, மக்காவரை பயணித்த ஹம்ஸா, தம் மக்கள் அறபி அறியாதவர்கள் என்பதால் மலாய் மொழியில் உரைநடையும் பாட்டும் எழுதினார். கடலும் அலையும் அவர் விரும்பிக் கையாண்ட உவமை. கடல் அசைந்தால் அலை; நீர் ஆவியாக எழுந்தால் மேகம்; பொழிந்தால் மழை; ஓடினால் ஆறு; மீண்டும் சேர்ந்தால் கடல். பெயர்கள் பல, நீர் ஒன்று.

அவர் வழியில் வந்த ஷம்ஸுத்தீன் சுமத்ரானீ, சுல்தான் இஸ்கந்தர் மூதாவின் (ஆட்சி கி.பி. 1607 – 1636) அவையில் ஷைகுல் இஸ்லாமாகப் பெருமதிப்போடு விளங்கினார். கி.பி. 1590இல் புர்ஹான்பூர் ஷைகு முஹம்மத் இப்னு ஃபள்லுல்லாஹ் எழுதிய 'துஹ்ஃபா' என்னும் சிறுநூல், உள்ளமையின் வெளிப்பாட்டை ஏழு படித்தரங்களாக விளக்கியது. ஷம்ஸுத்தீன் அதனை மலாய் உலகில் பரப்பினார். அரசரின் அரவணைப்பில் இக்கொள்கை அச்சேயின் பொதுக்கல்வியாகவே ஆகிவிட்டது. அவர் கி.பி. 1630இல் மறைந்தார், ஆறாண்டுகளில் சுல்தானும் மறைந்தார்.

கி.பி. 1637: நெருப்பு

ஹிஜ்ரி 1047 முஹர்ரம் மாதத்தில் (கி.பி. 1637) முஹம்மத் ஜீலானீயின் உறவினரும் அதே ரானீர் ஊரினருமான நூருத்தீன் ரானீரீ அச்சேயில் வந்திறங்கினார். புதிய சுல்தான் இஸ்கந்தர் தானீ அவரை ஷைகுல் இஸ்லாமாக அமர்த்தினார். நூருத்தீன் சிறியவரல்லர். மலாய் மொழியின் தொடக்ககால ஃபிக்ஹு நூல்களில் தலையாயதான 'ஸிராத்துல் முஸ்தகீம்' அவருடையது. 'புஸ்தானுஸ் ஸலாத்தீன்' என்னும் பெரும் வரலாற்று நூலும் அவருடையது. ரிஃபாஇய்யா தரீக்காவில் பைஅத்துப் பெற்றவருங்கூட.

ஹம்ஸா, ஷம்ஸுத்தீன் ஆகியோரைப் பின்பற்றியோர் உலகமும் இறைவனும் ஒன்றே என்று கூறுகின்றனர். ஆகவே அவர்கள் காஃபிர்கள் என அவர் தீர்ப்பளித்தார். அரண்மனையில் சுல்தானின் முன்னிலையில் வாதங்கள் நடந்தன. தௌபாச் செய்யுமாறு அவர்கள் பணிக்கப்பட்டனர். பலர் மறுத்தனர், மறுத்தோர் கொல்லப்பட்டனர். ஏடுகள் திரட்டப்பட்டுப் பள்ளிவாசலின் முன்னால் எரிக்கப்பட்டன. இவற்றையெல்லாம் நூருத்தீன் தம் கைப்படவே பதிவு செய்துள்ளார். மறைக்க வேண்டிய செயலாக அவர் இவற்றைக் கருதவில்லை. மார்க்கத்துக்குத் தாம் ஆற்றிய பணியாகவே கருதினார்.

இங்கே நாம் நின்று சிந்திக்க வேண்டிய செய்தியொன்று உண்டு. நூருத்தீன் ரானீரீ இப்னு அரபீயை மறுத்தவரல்லர்! வுஜூதிய்யாக்கள் இருவகையினர் என்று அவர் வகுத்தார்: உண்மை ஏகத்துவவாதிகள் ஒருவகை, நெறிபிறழ்ந்தோர் மற்றொரு வகை. இப்னு அரபீ முதல் வகையினர்; ஹம்ஸாவின் கூட்டத்தார் இரண்டாம் வகையினர். மெய்யான உள்ளமை இறைவனுக்கே உரியது, உலகின் உள்ளமை நிழல் போன்றது என்று அவரே எழுதினார். அதாவது, கொன்றவர் பற்றியிருந்த ஞானமரபும் கொல்லப்பட்டோர் பற்றியிருந்த ஞானமரபும் ஒன்றே. வேறுபாடு சொல்லில் இருந்தது. அச்சொல்லுக்குக் கொண்ட பொருளில் இருந்தது.

ஹம்ஸாவின் எழுத்துகளை நம் காலத்தில் ஊன்றி ஆராய்ந்த மலேசிய அறிஞர் செய்யித் முஹம்மத் நகீப் அல்அத்தாஸ், நூருத்தீனின் குற்றச்சாட்டுகள் ஹம்ஸாவின் கருத்தைத் திரித்துக் காட்டியவை என்று வாதிட்டார். மறுபுறம், ஹம்ஸாவின் உவமைகளை அடித்தளமின்றிக் கேட்ட பாமரர் எல்லைமீறிப் பேசியிருக்கவும் கூடும். நூருத்தீனின் கவலைக்கு அடியோடு ஆதாரமே இல்லையென்று சொல்லிவிட முடியாது. ஆனால் கவலை நியாயமானதாக இருப்பது ஒன்று. அதற்கான விடையாகக் கழுத்தில் கத்தி வைப்பது முற்றிலும் வேறொன்று.

காற்று திசைமாறியது

கி.பி. 1641இல் இஸ்கந்தர் தானீ மறைந்தார். இஸ்கந்தர் மூதாவின் மகளும் மறைந்த சுல்தானின் மனைவியுமான ஸஃபிய்யத்துத்தீன் அரியணை ஏறினார். கி.பி. 1643இல் மினாங்கபாவைச் சேர்ந்த ஸைஃபுர் ரிஜால் என்னும் ஆலிம் சூரத்திலிருந்து அச்சே வந்து நூருத்தீனோடு வாதிட்டார். கொல்லப்பட்டோர்க்காக ஒரு குரல் அவையில் ஒலித்தது. நகரம் மீண்டும் இரண்டுபட்டது; அங்கிருந்த டச்சு வணிகர்களின் குறிப்புகளில்கூட இப்பிணக்கு இடம்பெற்றது. மார்க்க விவகாரத்தில் தீர்ப்புரைக்கும் தகுதி தமக்கில்லை என்று அரசியார் ஒதுங்கிக்கொண்டார். இறுதியில் ஸைஃபுர் ரிஜாலின் கை ஓங்கியது. மறு ஆண்டு, ஹிஜ்ரி 1054இல் (கி.பி. 1644), தாம் எழுதிக்கொண்டிருந்த நூலைக்கூட முடிக்காமல் நூருத்தீன் அச்சேயை விட்டு அகன்றார். எஞ்சிய பகுதியை அவருடைய மாணாக்கர் ஒருவரே எழுதி முடிக்க வேண்டியதாயிற்று. கி.பி. 1658இல் சொந்த ஊரான ரானீரில் அவர் காலமானார்.

ஏழே ஆண்டுகள்! அரசரின் ஆதரவால் உயர்ந்த தீர்ப்பு அரசர் மறைந்ததும் சரிந்தது. எரிக்கப்பட்ட நூல்களின் பிரதிகள் வேறு ஊர்களில் பிழைத்திருந்தன. ஹம்ஸாவின் எழுத்துகளை நாம் இன்றும் படிக்க முடிகிறது. கொல்லப்பட்டோர் மட்டுமே திரும்பி வரவில்லை.

மதீனாவின் திண்ணையில்

இக்கொந்தளிப்பின் நடுவே, கி.பி. 1642ஐ ஒட்டி, சுமத்ராவின் மேற்குக் கரையிலுள்ள ஸிங்கில் ஊரைச் சேர்ந்த அப்துர் ரவூஃப் என்னும் மாணவர் கல்வி தேடி அறபுநாட்டுக்குக் கப்பலேறினார். ஏறத்தாழ 19 ஆண்டுகள் அங்கே கற்றார். மதீனாவில் ஷைகு அஹ்மத் குஷாஷீ (ரஹ்), அன்னாரின் மாணாக்கரும் மருமகனுமான ஷைகு இப்ராஹீம் கூரானீ (ரஹ்) (கி.பி. 1616 – 1690) ஆகிய இருவரும் அவருடைய முதன்மை ஆசான்கள்.

இப்ராஹீம் கூரானீ ஹதீஸ்கலையிலும் ஷாஃபிஈ ஃபிக்ஹிலும் ஆழங்கண்டவர். இப்னு அரபீயின் நூல்களைப் பாடஞ்சொன்னவர். அதே நேரத்தில் இப்னு தைமிய்யாவின் எழுத்துகளையும் மதிப்போடு அணுகியவர். அவருடைய திண்ணையில் இவை ஒன்றையொன்று விரட்டவில்லை. 'துஹ்ஃபா'வை மலாய் நாட்டார் தவறாகப் புரிந்துகொண்டு தடுமாறுகின்றனர், ஷரீஅத்தைப் புறந்தள்ளும் போக்கும் தோன்றியுள்ளது என்ற செய்தி மதீனாவை எட்டியபோது, அந்நூலுக்கு அவர் 'இத்ஹாஃபுத் தகீ' என்னும் விரிவுரை எழுதினார். நூலை எரிக்கச் சொல்லவில்லை. அதன் ஒவ்வொரு கருத்தையும் திருமறையோடும் நபிமொழியோடும் பொருத்திக் காட்டி, எதனை எந்த எல்லைவரை கொள்ள வேண்டுமென விளக்கினார்.

ஜாவா தேசங்களிலிருந்து மதீனாவுக்கு வந்த கேள்வியொன்றும் பதிவாகியுள்ளது. ஒருவரை ஓர் ஆலிம் வுஜூதிக் கொள்கைக்காகக் காஃபிர் என்றார். தௌபாச் செய்யச் சொன்னபோது, தம் கூற்று புரிந்துகொள்ளப்படவே இல்லை என்று கூறி அவர் மறுத்தார். சுல்தான் அவரைக் கொன்றுவிட்டார். இது சரியா? கூரானீயின் விடை தயக்கமற்றது. நல்ல பொருள் கொள்ள இடமுள்ள ஒரு சொல்லுக்காக ஒரு முஸ்லிமைக் கொன்றது பெருந்தவறு.

இந்த விடைக்குப் பின்னால் நபிகளாரின் போதனை நின்றது. உஸாமா இப்னு ஸைத் (ரலி) போர்க்களத்தில் கலிமா மொழிந்த ஒருவரைக் கொன்றுவிட்டார்கள். வாளுக்கு அஞ்சியே அவன் அதனைச் சொன்னான் என்று காரணம் கூறினார்கள். அவனுடைய நெஞ்சைப் பிளந்து பார்த்தாயா என்ற பொருள்பட நபி (ஸல்) அவர்கள் கேட்ட கேள்வி, உஸாமா (ரலி) அவர்களை வாழ்நாள் முழுதும் உறுத்தியது. பகைவனின் கலிமாவுக்கே அந்த மதிப்பென்றால், ஐவேளையும் நம் அருகில் நின்று தொழும் சகோதரனின் கலிமாவுக்கு எத்துணை மதிப்பு!

அணைத்தவர்

கி.பி. 1661ஐ ஒட்டி அப்துர் ரவூஃப் ஸிங்கிலீ அச்சே திரும்பினார். அரசி ஸஃபிய்யத்துத்தீன் அவரைப் பெரிதும் ஆதரித்தார். பழைய கணக்கைத் தீர்த்துக்கொள்ள நினைத்திருந்தால் அதற்கான அதிகாரமும் வாய்ப்பும் அவருக்கு இருந்தன. அவர் அதனைச் செய்யவில்லை. நூருத்தீனின் பெயரைக் குறிப்பிட்டு வசைபாடவில்லை. ஹம்ஸாவின் கூட்டத்தாரைக் காஃபிர்கள் என்று பழிக்கவுமில்லை.

மாறாக, எழுதினார். அரசியாரின் வேண்டுகோளுக்கிணங்க, வணிகம், திருமணம், வழக்கு முதலிய முஆமலாத் சட்டங்களை மலாய் மொழியில் 'மிர்ஆத்துத் துல்லாப்' என்னும் நூலாக ஆக்கினார். திருக்குர்ஆன் முழுமைக்குமான முதல் மலாய் விரிவுரையான 'தர்ஜுமானுல் முஸ்தஃபீத்' அவருடைய கையால் விளைந்தது. எந்த அடித்தளம் இல்லாததால் ஞானப்பேச்சு தடம்புரண்டதோ, அந்த அடித்தளத்தை முதலில் கட்டினார். தஸவ்வுஃபைக் கைவிடவுமில்லை, ஷத்தாரிய்யா தரீக்காவின் ஷைகாக இருந்து திக்ரும் முராகபாவும் பயிற்றுவித்தார். இறைவனின் உள்ளமையே மெய், படைப்பு அதன் நிழல் என்று போதித்தபோதே, நிழலுக்குரியவனும் நிழலும் ஒருபோதும் ஒன்றாகிவிடா என்பதையும் வற்புறுத்தினார்.

ஒருவரைக் காஃபிர் என்று அழைப்பது பற்றி அவர் விடுத்த எச்சரிக்கை எளியது. அழைக்கப்பட்டவர் உண்மையில் அப்படிப்பட்டவராகவே இருந்தால், அதனை வாயால் சொல்வதில் உனக்கென்ன ஆதாயம்? அவர் அப்படிப்பட்டவரல்லர் என்றால், அச்சொல் உன்மீதே திரும்பி விழும். புகாரீ, முஸ்லிம் இரண்டிலும் இடம்பெற்ற நபிமொழியின் சாரமே இது. நட்டமில்லா வணிகத்தை நாடும் எவரும் இந்தச் சரக்கைத் தொடமாட்டார்.

கி.பி. 1693ஐ ஒட்டி மறைந்த அன்னாரை அச்சே மக்கள் 'ஷியஹ் குவாலா', அதாவது 'ஆற்றுமுகத்து ஷைகு' என்று அன்போடு அழைக்கின்றனர். பந்தா அச்சேயிலுள்ள அரசுப் பல்கலைக்கழகம் இன்று தாங்கியிருப்பது அப்பெயரையே.

நமக்கான படிப்பினை

இவ்வரலாற்றைப் படித்துவிட்டு, வஹ்தத்துல் வுஜூத் சரியா தவறா என்று ஒரே சொல்லில் தீர்ப்புக் கேட்போர் ஏமாற்றமடையக்கூடும். அத்தீர்ப்பை வழங்குவது இக்கட்டுரையின் நோக்கமன்று. அதற்குரிய தகுதியும் நமக்கில்லை. ஆனால் அச்சேயின் அனுபவம் மூன்று செய்திகளைத் தெளிவாகவே நம்முன் வைக்கிறது.

முதலாவது, ஞானம் பேசுவோர்க்கு. உள்ளமை ஒன்றென்பது ஓதிப் பழகி, தொழுது பழகி, தன்னை அடக்கிப் பழகியவர் நாவில் ஒரு பொருள் தரும். சட்டத்தின் அரிச்சுவடி அறியாதவன் செவியில் வேறொரு பொருள் தரும். எல்லாம் அவனே எனில் நான் ஏன் தொழ வேண்டும் என்று ஓர் இளைஞன் கேட்கும் நிலை வந்தால், தவறு கேட்டவனிடம் மட்டும் இல்லை. தகுதியறியாது மேடையில் இதனை முழங்கியவரிடமும் உண்டு. இமாம் ஸுயூத்தீ (ரஹ்) விதித்த கட்டுப்பாடு இப்னு அரபீயின் கண்ணியத்தையும் காத்தது. பாமரரின் ஈமானையும் காத்தது.

இரண்டாவது, மறுப்போர்க்கு. கொள்கையை மறுக்கலாம், கடுமையாகவே மறுக்கலாம். இப்னு தைமிய்யா (ரஹ்) மறுத்தார்கள். ஸிர்ஹிந்தீ (ரஹ்) திருத்தினார்கள். ஆனால் ஒரு கூற்றைத் தவறென்பதற்கும், அதனைக் கூறியவரை மார்க்கத்தை விட்டு வெளியேற்றுவதற்கும் இடையில் பெருந்தொலைவு இருக்கிறது. ஏழாண்டுப் புகழுக்காக நூருத்தீன் போன்ற ஒரு பெரிய ஆலிம் அத்தொலைவைக் கடந்தார். அவருடைய அரும்பணிகளைப் பேசும்போதெல்லாம் அந்நெருப்பையும் சேர்த்தே பேச வேண்டிய நிலையை வரலாற்றுக்கு அவரே ஏற்படுத்திவிட்டார்.

மூன்றாவது, நம் அனைவர்க்கும். தக்கலை பீர் முஹம்மது அப்பாவின் பாடல்களையும், குணங்குடி மஸ்தான் சாஹிபின் பாடல்களையும் கேட்டு வளர்ந்த வீடுகள் நம்மிடையே உள்ளன. அப்பாடல்களில் உள்ளமை ஒருமையின் வாடை உண்டென்று அவற்றை ஒதுக்கிய வீடுகளும் உள்ளன. இருவகை வீட்டாரும் ஒரே பள்ளிவாசலில், ஒரே கிப்லாவை நோக்கி, தோளோடு தோள் சேர்த்தே நிற்கிறோம். உள்ளமை ஒன்றா என்பது மறுமையில் நம்மிடம் கேட்கப்படுமா என்பதை அல்லாஹ்வே அறிவான். உம்மத்து ஒன்றாக இருக்க நீ என்ன செய்தாய் என்ற கேள்விக்கு மட்டும் நாம் இன்றே விடை தேடிவைத்துக்கொள்வது நல்லது.

ஆகவே, இவ்விவகாரம் மீண்டும் நம் மஹல்லாவில் எழும்போது, எதிரிலிருப்பவர் என்ன சொன்னார் என்பதோடு, என்ன பொருளில் சொன்னார் என்பதையும் கேட்டறியும் பொறுமை நமக்கு வேண்டும். அச்சேயில் கொல்லப்பட்டவர் இறுதியாகக் கூறியது, தம் பேச்சு புரிந்துகொள்ளப்படவில்லை என்பதே. அந்தச் சொல்லை இன்னொருவர் வாயிலிருந்து நாம் கேட்காதிருப்போமாக.

வல்ல அல்லாஹ் நமக்கு மெய்யறிவையும், அறியாதவற்றில் நாவடக்கத்தையும், கலிமா மொழிந்தோர் அனைவர் மீதும் கருணையையும் தந்தருள்வானாக. ஆமீன்.